ஒனக்குத் தல வலிக்கா?

தையல் மிஷின் பலகையில், நூல்கண்டு டப்பாவுக்குப் பக்கத்தில், உங்கள் ஓமத்தண்ணிக் குப்பி இருக்கிறது. மூடியை இறுக்கித்தான் வைத்திருக்கிறேன். ஆனாலும் வாசம் வருகிறது. இந்த வாசத்துக்கு எந்த மூடியும் போதாது என்பது உங்களோடு குடும்பம் நடத்திய எனக்குத் தெரியாததா? உங்கள் சட்டைப் பை, துறைமுகத்துக்குக் கொண்டுபோகும் சாப்பாட்டுப் பை, தலையணை உறை, கோயிலுக்குக் கட்டும் வெள்ளை வேட்டி, எல்லாவற்றிலும் இதுதான். மற்ற பெண்களுக்குப் புருஷன் ஞாபகம் சென்ட் வாசத்தில் வருமாம், பவுடர் வாசத்தில் வருமாம். எனக்கு வயிற்று மருந்து வாசத்தில் வருகிறது. என் தலையெழுத்து.

நீங்கள் போன பிறகு உங்கள் சாமான்களை ஒதுங்க வைத்தபோது இந்தக் குப்பியை மட்டும் காணவில்லை. உங்கள் அக்கா தூக்கி எறிந்திருப்பார் என்று நினைத்து விட்டுவிட்டேன். போன மாதம் ஒரு திங்கட்கிழமை காலை ஜெசியின் பள்ளிக்கூடப் பையில் டிபன் டப்பாவை வைக்கப் போனேன். பையைத் திறந்ததும் நீங்கள் வந்து பின்னால் நிற்கிற மாதிரி இருந்தது. திரும்பியே பார்த்துவிட்டேன். பைக்கு அடியில் ஒரு பழைய சாக்ஸ், சாக்ஸுக்குள் இந்தக் குப்பி. குசினியில் இருக்கும் ஓமத்தண்ணி பாட்டிலிலிருந்து ஊற்றிப் புதுசாக நிரப்பி வைத்திருந்தாள்.

நம் மகளுக்குப் பதினோரு வயது. இந்த வருஷ ஆரம்பத்தில் காலையானால் வயிறு வலிக்கிறது என்று தொப்புளைச் சுற்றிக் காட்டுவாள். மத்தியானத்துக்கு மேல் சரியாகிவிடும். ஞாயிற்றுக்கிழமை வலிக்காது. வகுப்பு டீச்சர், "லீவு நாள்ல வராத வலி ஸ்கூல் நாள்ல மட்டும் எப்படி வருது?" என்று பிள்ளைகள் முன்னால் கேட்டிருக்கிறார். அதற்குப் பிறகு ஜெசி வலி என்று வாயே திறக்கவில்லை. நானும் சரியாகிவிட்டது என்று மாதாவுக்கு மெழுகுதிரி ஏற்றிவிட்டு வந்தேன். சரியாகவில்லை. ஒளித்து வைக்கப் படித்துக்கொண்டாள். யாரிடம் படித்தாள் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

உங்கள் மேல் எனக்கு அப்போது வந்த கோபம் நீங்கள் உயிரோடு இருந்தபோதுகூட வந்ததில்லை.

நம் கல்யாணப் பூசை ஞாபகம் இருக்கிறதா? சாமியார் பிரசங்கத்தை நீட்டிக்கொண்டே போனார். உங்களுக்கு மேலுதட்டில் வேர்வை பொட்டுப் பொட்டாக நின்றது. கோட்டுக்குள் கையை விட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டீர்கள். இந்த ஆள் வேறு யாரையோ மனசில் வைத்துக்கொண்டு, பெத்தவர்களுக்குப் பயந்து வந்து நிற்கிறான் என்று முடிவே கட்டிவிட்டேன். ஆசீர்வாதம் முடிந்ததும் மாப்பிள்ளையைக் காணோம். போட்டோக்காரர் கேமராவோடு தேடுகிறார். "மாப்பிள்ள எங்கன?" என்று ஊரே கேட்கிறது. நான் பூச்செண்டோடு தனியாக நிற்கிறேன். சாமியார் வீட்டுக் கக்கூஸிலிருந்து நீங்கள் முகம் கழுவிவிட்டு வந்தபோது, ஓடிப்போகாமல் இருந்தீர்களே என்ற சந்தோஷத்தில் எனக்கு அழுகை வந்தது. பெண் பெற்றோரைப் பிரிந்து அழுகிறாள் என்று எல்லோரும் சமாதானம் சொன்னார்கள்.

அந்த வாரத்திலேயே சொல்லிவிட்டீர்கள். பள்ளிக்கூடத்தில் படிக்கும்போதிலிருந்தே இப்படித்தான் என்றீர்கள். திடீரென்று வயிற்றை முறுக்கும், உடனே போயாக வேண்டும், போனால் வலி இறங்கும், மறுபடி வரும். சில வாரம் நேர்மாறாகக் கட்டிக்கொள்ளும். பதற்றப்பட்டால் கூடும், கூடுமே என்று பயந்தாலே கூடும். சொல்லி முடித்துவிட்டு மாதா படத்துக்கு முன்னால் என் கையை நீட்டச் சொன்னீர்கள்.

"ஒரு குருவிக்குத் தெரியக் கூடாது ளா. கிரேன்ல ஏறுதவனுக்கு வயித்துக்கு முடியலன்னு தெரிஞ்சா அன்னைக்கே கீழ எறக்கிருவாங்க. நம்ம பயலுவ சும்மா இருப்பானுவளா? ஒரு பேர் வச்சிருவானுவ. செத்தாலும் அந்தப் பேருதான்."

நான் சத்தியம் பண்ணினேன். புதுப் பெண், புருஷன் கேட்டால் எதற்கும் சத்தியம் பண்ணுகிற வயது.

துறைமுகத்தில் அந்தக் கிரேன் கேபினைப் பற்றி நீங்கள் சொல்லச் சொல்ல எனக்கு மூச்சு முட்டும். வானத்தில் தொங்கும் ஒரு கண்ணாடிக் கூண்டு. காலுக்கு அடியிலும் கண்ணாடி. அதற்குக் கீழே கப்பல், கீழே கீழே லாரிகள், எறும்பு மாதிரி ஆட்கள். நாற்காலியில் உட்கார்ந்து குனிந்து பார்த்தபடியே பெட்டி பெட்டியாகத் தூக்கி வைக்க வேண்டும். கப்பல் நிற்கிற ஒவ்வொரு மணிக்கும் கணக்கு உண்டு என்பதால் நடுவில் எழுந்து வர முடியாது. மாற்று ஆள் மேலே ஏறி வந்தால்தான் நீங்கள் இறங்கலாம். அவன் டீ குடித்துவிட்டு ஆடி அசைந்து வருவான். "எங்கப்பா சங்கு குளிக்கப் போயி மூச்சப் பிடிச்சிக்கிட்டுக் கடலுக்கு அடியில கெடந்தாரு. நான் வேற ஒண்ணப் பிடிச்சிக்கிட்டு வானத்துல கெடக்கேன்" என்பீர்கள். சிரித்துக்கொண்டே சொல்வீர்கள். நானும் சிரிப்பேன். சிரித்துவிட்டு உள்ளே போய் உங்கள் சட்டைகளை ஊற வைப்பேன், அக்குளிலும் முதுகிலும் உப்புப் பூத்து விறைத்துப் போயிருக்கும்.

வேலைக்குப் போகிற நாளில் ஒரு பருக்கை சாப்பிட மாட்டீர்கள். கிளம்புவதற்குள் நாலு தடவை உள்ளே போய் வருவீர்கள். செருப்பை மாட்டிய பிறகு ஐந்தாவது தடவை. உங்களுக்குப் பிடித்த பொரிச்ச பரோட்டாவை மறுநாள் லீவு என்றால்தான் தொடுவீர்கள், அதையும் ஏதோ திருட்டுப் பண்டம் மாதிரி வாசலைப் பார்த்துக்கொண்டே தின்பீர்கள். மில்லர்புரத்தில் வாடகைக்கு வீடு பார்த்தபோது வீட்டுக்கார அண்ணாச்சி ஹாலைக் காட்டுகிறார், தண்ணீர்த் தொட்டியைக் காட்டுகிறார். நீங்கள் கக்கூஸ் கதவைத் திறந்து பார்த்துவிட்டு, "வீடு நல்லாருக்கு, முடிச்சிருவோம்" என்றீர்கள். அந்த அண்ணாச்சி என்ன நினைத்தாரோ.

வெளியே போனால்தான் பெரிய பாடு. அதற்கு நீங்களே ஒரு வழி கண்டுபிடித்தீர்கள். பந்தியிலோ கோயிலிலோ யாராவது செத்த துஷ்டி வீட்டிலோ இருக்கும்போது உங்களுக்கு முறுக்க ஆரம்பித்தால், என் பக்கம் சாய்ந்து, நாலு பேர் காதில் விழுகிற மாதிரி, "ஒனக்குத் தல வலிக்கா?" என்று கேட்பீர்கள். நான் நெற்றியைப் பிடித்துக்கொண்டு, "ஆமா, வலிக்கு" என்பேன். பொண்டாட்டிக்குத் தலைவலி என்று நல்ல புருஷனாக என்னைக் கூட்டிக்கொண்டு நீங்கள் எழுந்து போவீர்கள். பைக்கில் ஏறியதும் பறப்பீர்கள்.

இப்படியே வருஷங்கள் போயின. உங்கள் சொந்தத்தில் எனக்குத் தலவலிக்காரி என்று பேர் விழுந்தது. உங்களுக்குப் பேர் வைத்துவிடுவார்கள் என்று பயந்தீர்கள், அந்தப் பேரை நான் வாங்கிக்கொண்டேன். உங்கள் அக்கா சும்மா சொல்லக் கூடாது, வாய் கொஞ்சம் நீளமே தவிர மனசு தங்கம். திரேஸ்புரத்திலிருந்து வீட்டுக்கு வரும்போதெல்லாம் ஒரு தைலக் குப்பி கொண்டுவருவார். "எங்க தம்பி ஒரு எலையில முழுசா உக்காந்து சாப்புட ஒன் மண்ட விடாது. இதப் போட்டுத் தேய்ச்சித் தொலை" என்பார். எனக்குப் பிறந்ததிலிருந்து ஒரு நாளும் தலை வலித்ததில்லை. என் தலை கருங்கல் என்று எங்கள் அம்மாவே சொல்வாள். தைலங்களை வாங்கி வாங்கி அலமாரியில் அடுக்கினேன்.

மணப்பாட்டுக்கு நாம் பஸ்ஸில் போன கடைசிப் பயணத்தை நான் மறக்கப் போவதில்லை. எங்கள் ஊர்த் திருவிழா. ஜெசி அப்போது இடுப்புக் குழந்தை. பஸ்ஸில் காலை மாற்றி வைக்க இடமில்லாத கூட்டம். ஆறுமுகநேரிப் பக்கம் ரயில்வே கேட் போட்டுவிட்டார்கள். பஸ் நின்றது. உங்கள் கை என் மணிக்கட்டைப் பிடித்தது. "தல வலிக்கா?" என்று கேட்கக்கூட உங்களுக்குக் குரல் வரவில்லை. வலிக்கிறது என்று சொன்னாலும் எங்கே போவது? முன்னால் கேட், பின்னால் லாரி, நடுவில் ஆள்மேல் ஆள். அந்த நிமிஷங்களில் உங்கள் முகத்தைப் பார்த்த எனக்கு ஒன்று புரிந்தது. நீங்கள் கேபினிலிருந்து இறங்கினதே இல்லை. அந்தக் கூண்டைத் தோளில் போட்டுக்கொண்டுதான் பஸ்ஸிலும் ஏறியிருக்கிறீர்கள், கோயிலிலும் நின்றிருக்கிறீர்கள். நானும் பிள்ளையும் அதற்குள்தான் இருந்தோம்.

ஆட்களை இடித்துக்கொண்டு இறங்கி ஓடினீர்கள். தண்டவாளத்தை ஒட்டி இருந்த ஒரு வீட்டில் போய் நின்றீர்கள். அந்த வீட்டு அம்மா ஒரு கேள்வியும் கேட்காமல் வாளியைக் கையில் கொடுத்ததாகப் பிறகு சொன்னீர்கள். ரயில் போனது, கேட் திறந்தது, கண்டக்டர் கத்தினார், பஸ் போய்விட்டது. நான் பிள்ளையோடும் பையோடும் ரோட்டில் நின்றேன். திரும்பி வந்த நீங்கள் என் முகத்தைப் பார்க்கவில்லை. "வீட்டுக்குப் போயிருவோம் ளா" என்றீர்கள். எங்கள் ஊர்க் கோயில் மணியை அந்த வருஷம் நான் கேட்கவில்லை. அதற்குப் பிறகும் ரொம்ப நாள் கேட்கவில்லை. அம்மா போனில், "ஒனக்குப் பெத்த ஊரு கசந்துட்டோ?" என்பாள். நான் தையல் வேலை அதிகம் என்பேன்.

வைத்தியம் பார்க்காமலும் இல்லையே. யாருக்கும் தெரியாமல் திருநெல்வேலிக்கும் மதுரைக்கும் போனோம். ஸ்கேன் எடுத்தார்கள், குழாய் விட்டுப் பார்த்தார்கள், ரத்தம் உறிஞ்சினார்கள். எல்லாம் நார்மல். ஒவ்வொரு தடவையும் டாக்டர் சந்தோஷமாக, "உங்களுக்கு ஒண்ணும் இல்ல" என்பார். ஒவ்வொரு தடவையும் நீங்கள் இடிந்துபோய் வெளியே வருவீர்கள். ஒருநாள் மதுரை பஸ் ஸ்டாண்டில் கட்டணக் கழிப்பறைக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு சொன்னீர்கள்: "ஒரு கல்லாவது இருக்கக் கூடாதா ளா? எடுத்துக் காட்டி, இன்னா பாரு, இதான் நான்னு சொல்லலாம்லா." எனக்குச் சிரிப்பும் வந்தது, வயிற்றெரிச்சலும் வந்தது. ஒன்றும் இல்லாததற்கு ஒரு மனுஷன் இப்படியா துடிப்பான்?

டாக்டர்கள் கைவிட்ட பிறகு தொக்கம் எடுக்கப் போனோம். சாப்பிட்டது வயிற்றில் ஒட்டிக்கொண்டு கிடக்கிறது என்றார் அந்த அம்மா. உங்கள் தொண்டைக்குழியில் குழலை வைத்து ஊதி உறிஞ்சி, ஒரு நார் மாதிரி எதையோ எடுத்துத் தட்டில் போட்டார். அதைப் பார்த்து நீங்கள் பட்ட சந்தோஷம்! கடைசியில் கண்ணுக்குத் தெரிகிற மாதிரி ஒன்று கிடைத்துவிட்டது. ஒரு வாரம் ராஜா மாதிரி இருந்தீர்கள். மறுவாரம் கப்பல் வந்தது, பழைய குருடி கதவைத் திறடி.

நீங்கள் போன நாளை நான் நீட்டி எழுத மாட்டேன். பகல் வேலை முடிந்து சாயங்காலம் வந்தீர்கள். நெஞ்சுக்குள் அடைக்கிறது என்று நாற்காலியில் உட்கார்ந்தீர்கள். ஆஸ்பத்திரிக்குப் போவோம் என்றேன். "வாயுதான் ளா. போனா என்ன சொல்லுவான்? ஒண்ணும் இல்லம்பான்" என்றீர்கள். அத்தனை வருஷம் ஒன்றும் இல்லை என்று கேட்டுக் கேட்டு, நிஜமாக ஒன்று வந்தபோது உங்களுக்கு அடையாளம் தெரியவில்லை. ஜெசி டம்ளரில் ஓமத்தண்ணி கலந்து கொண்டுவந்தாள். பாதி குடித்தீர்கள். ஆட்டோ வருவதற்குள் வேர்த்து நனைந்துவிட்டீர்கள். ஆஸ்பத்திரி வாசலை எட்டவில்லை. இருதயம் என்று டாக்டர்கள் சொன்னார்கள். வயிற்றுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று எனக்குப் புரிந்தது. அந்த டம்ளரைப் பிடித்துக்கொண்டு நின்ற பிள்ளைக்குப் புரிந்ததா என்று யாரும் கேட்கவில்லை.

குப்பி கிடைத்த அன்று அவளைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பவில்லை. பாளையங்கோட்டை ரோட்டில் ஒரு குழந்தை டாக்டரம்மாவிடம் கூட்டிப் போனேன். அவர் முதலில் நிறையக் கேள்வி கேட்டார். எடை குறைந்திருக்கிறதா, மலத்தில் ரத்தம் போகிறதா, தூக்கத்தில் வலி எழுப்பிவிடுகிறதா, காய்ச்சல், வாந்தி உண்டா என்றெல்லாம் கேட்டார். வயிற்றைத் தொட்டுப் பார்த்தார், உயரம் எடை பார்த்தார், கொஞ்சம் ரத்தப் பரிசோதனை எழுதினார். மறுநாள் முடிவுகளைப் பார்த்துவிட்டு நிமிர்ந்தார். எனக்குத் தெரியும், இப்போது அந்த வார்த்தை வரும், நார்மல், ஒண்ணும் இல்லை. நான் சேலைத் தலைப்பைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டேன்.

"பிள்ளை நடிக்கல. வலி நிஜம்" என்றார்.

அடுத்து அவர் சொன்னதை எனக்குப் புரிந்தபடி எழுதுகிறேன். குடலில் புண் இல்லை, கட்டி இல்லை. ஆனால் குடல் வேலை செய்கிற விதத்திலும், குடலுக்கும் மூளைக்கும் நடுவில் சேதி போகிற விதத்திலும் கோளாறு, அதற்கு இங்கிலீஷில் ஒரு பேரும் சொன்னார். சாப்பாடு உள்ளே நகர்வது நமக்கெல்லாம் தெரிவதில்லை. இவளுக்கு அது வலியாகத் தெரிகிறது. பயந்தால் இன்னும் பெரிதாகத் தெரிகிறது. பள்ளிக்கூட நாளில் வருவது அதனால்தான், பொய் என்பதால் இல்லை. பிள்ளைகளுக்கும் வரும், பெரியவர்களுக்கும் வரும், சில குடும்பங்களில் கூடுதலாக வரும். உயிரை எடுக்காது. ஆனால் வாழ்க்கையைச் சுருக்கிவிடும்.

நீங்கள் ஒருதரம் சொன்னீர்களே, கிரேனுக்குக் கீழே நிற்கிறவன் வாக்கிடாக்கியில் பேசுவதைப் பற்றி? ஒரு நாள் அந்தப் பெட்டியில் சத்தத்தைக் குறைக்கும் திருகு கெட்டுப்போய், அவன் தொண்டையைச் செருமினால்கூட உங்கள் காதில் இடி விழுந்ததாம். கிரேனில் ஒரு பழுதும் இல்லை, ஆனால் வேலையே ஓடவில்லை என்றீர்கள். டாக்டரம்மாவிடம் அதைச் சொன்னேன். "இதேதான்மா" என்றார். உங்களைப் பற்றியும் சொன்னேன். மாதா படத்துக்கு முன்னால் பண்ணின சத்தியம் முதன்முதலில் அந்த அறையில்தான் உடைந்தது. அவர் கவனமாகத்தான் பேசினார், பார்க்காத ஆளைப் பற்றி அறுதியாகச் சொல்ல முடியாது என்றார், ஆனால் கேட்டவரைக்கும் உங்களுக்கு இருந்ததும் இந்த ஜாதிதான் போலிருக்கிறது என்றார். ஒரு பேர் இருந்திருக்கிறது உங்கள் நோவுக்கு. கல் இல்லாவிட்டாலும் பேர் இருந்தது. யாராவது உங்களை உட்கார வைத்துச் சொல்லியிருக்கலாம்.

பிறகு ஜெசியிடம் திரும்பி, "நீ என்னம்மா நினைச்சிட்டு இருந்த?" என்று கேட்டார்.

"எங்கப்பாவுக்கும் வயிறு வலிச்சிது. ஓமத்தண்ணி குடிச்சாங்க. செத்துட்டாங்க. எனக்கும் அப்படி ஆயிரும்லா?" என்றாள். குப்பியை எதற்கு வைத்திருந்தாய் என்றதற்கு, "அப்பா வாசம் வந்தா வலி கொஞ்சம் இறங்கும்" என்றாள். அம்மாவிடம் ஏன் சொல்லவில்லை என்றதற்கு, "அம்மா பாவம்லா" என்றாள்.

தினமும் சாகப்போகிறோம் என்று நினைத்துக்கொண்டு, தலை பின்னி, டை கட்டி, ஆட்டோவில் ஏறிப் போயிருக்கிறாள். நான் வாசலில் நின்று டாட்டா காட்டியிருக்கிறேன்.

டாக்டரம்மா அவளுக்கு ஒரு தாளில் இருதயம் ஒரு பக்கம், குடல் ஒரு பக்கம் படம் போட்டுக் காட்டி, அப்பாவுக்கு நின்றது எது, உனக்கு வலிப்பது எது என்று பொறுமையாகச் சொன்னார். எனக்கும் சொன்னார். பள்ளிக்கூடத்தை நிறுத்தாதீர்கள். காலையில் சாப்பிட வைத்து, அவசரமில்லாமல் கக்கூஸில் உட்கார நேரம் கொடுங்கள். வலி வந்தால் வயிறு எழும்பி இறங்குகிற மாதிரி மெதுவாக மூச்சு விடப் பழக்குங்கள். மணிக்கொரு தரம் வலிக்கிறதா என்று கேட்காதீர்கள். நீங்களும் பதறாதீர்கள். நான் கேட்ட அந்த அறிகுறிகளில் ஏதாவது வந்தால் மட்டும் உடனே வாருங்கள். பள்ளிக்கூடத்துக்கு ஒரு சீட்டும் கொடுத்தார், கேட்டால் கேள்வி கேட்காமல் வெளியே விட வேண்டும் என்று. டீச்சர் படித்துவிட்டு, மறுநாளே ஜெசியைக் கதவுப் பக்க பெஞ்சுக்கு மாற்றி உட்கார வைத்திருக்கிறார்.

இதெல்லாம் நடந்து பத்துப் பதினைந்து நாள்தான் ஆகியிருக்கும், போன ஞாயிறு உங்கள் அக்காவின் கடைசி மகன் முதன்முதலாக நற்கருணை வாங்கிய புதுநன்மை விருந்து. திரேஸ்புரத்து வீட்டு மொட்டைமாடியில் பந்தல், பந்தலுக்குள் நீள நீளமாக மேஜை. நாங்கள் நடு வரிசையில் மாட்டிக்கொண்டோம். முதுகுக்குப் பின்னால் அடுத்த பந்திக்கு ஆட்கள் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். கக்கூஸ் கீழே, படியெல்லாம் ஆட்கள். உட்காரும் முன்னாலேயே நான் இதையெல்லாம் பார்த்துவிட்டேன். உங்களோடு வாழ்ந்த கண் அல்லவா, எங்கே போனாலும் முதலில் அதைத்தான் தேடுகிறது.

இலையில் பிரியாணி விழுந்தது. ஜெசி என் பக்கம் சாய்ந்தாள். நாலு பேர் காதில் விழுகிற மாதிரி கேட்டாள்.

"அம்மா, ஒங்களுக்குத் தல வலிக்கா?"

எனக்குக் கையில் எடுத்த சோறு இலையில் விழுந்தது. மேலுதட்டில் அதே வேர்வை. அதே கண். நமக்குள் மட்டும் இருந்தது என்று நாம் நினைத்த அந்தக் கேள்வியை இந்தப் பிள்ளை மடியிலிருந்தே பார்த்து வளர்ந்திருக்கிறாள். ஆமா என்ற ஒரு வார்த்தை என் வாய் வரைக்கும் வந்துவிட்டது, பழக்கம். சொல்லியிருந்தால் அவள் எழுந்திருப்பாள். இனி எல்லாப் பந்தியிலும் எழுந்திருப்பாள். ஒருநாள் அவளுக்கும் ஒருத்தன் வருவான், அவன் நெற்றியைப் பிடித்துக்கொண்டு நிற்பான்.

அதற்குள் பரிமாறிக்கொண்டிருந்த உங்கள் அக்காவுக்குக் கேட்டுவிட்டது. "ஆரம்பிச்சிட்டு பாரு! எலையப் போட்டாப் போதும், தலவலிக்காரிக்குத் தல வலிச்சிரும். இப்ப மகளையும் பழக்கி வச்சிருக்கா."

"மைனி, எனக்குத் தல வலிக்கல" என்றேன். "ஒரு நாளும் வலிச்சதில்ல."

"பெறவு?"

"பிள்ளைக்கு வயிறு வலிக்கு. வெளிக்குப் போணும். ஒங்க தம்பிக்கும் இதே நோவுதான், சின்னதுலருந்து. அவரு எந்திரிச்சிப் போணும்னா எனக்குத் தல வலிக்கும். அவ்வளவுதான் என் தலவலி."

பின்னால் யாரோ ஒரு பையன் களுக்கென்று சிரித்தான். உங்கள் அக்கா கரண்டியோடு திரும்பினார். "எவம்ல சிரிச்சது?" அவருக்குக் கண் நிறைந்துவிட்டது. "என் தம்பிக்கா? நான் இடுப்புல தூக்கி வளத்த பயலுக்கா? எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலியே ளா அவன்." என்னிடம் சொன்னதே அதிசயம். உடனே படிப் பக்கம் பார்த்துக் கத்தினார் பாருங்கள், உங்கள் துறைமுகத்துச் சங்கு தோற்றது: "ஏலே, தள்ளுங்கல! வழிய விடுங்க. பிள்ள கக்கூசுக்குப் போணும்!"

ஜெசிக்கு முகம் சிவந்துவிட்டது. ஒரு கணம் என்னை முறைத்தாள். பிறகு எழுந்து, அத்தனை பேரும் விலகி நிற்க, நடுவில் நடந்து போனாள். அவள் இலையை எடுக்க வந்த பையனிடம், "இருக்கட்டும், வருவா" என்றேன். வருவாளா என்று எனக்குத் தெரியாது. என் இலையைத் தொடாமல் படியையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

வந்தாள். வந்து உட்கார்ந்தாள். "அம்மா, தயிர்வெங்காயம் வைக்கச் சொல்லுங்க" என்றாள். நீங்கள் அத்தனை வருஷத்தில் ஒரு தடவைகூட இலைக்குத் திரும்பி வந்ததில்லை.

கிளம்பும்போது வாசலில் உங்கள் அத்தான் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். இந்தப் பக்கம் அந்தப் பக்கம் பார்த்துவிட்டு, "அவனுக்குமா? எனக்கும் அதான் பாத்துக்கோ. கேஸு கேஸுன்னு சொல்லிட்டுத் திரியுதேன். நெல்லைக்கு பஸ்ல போயி எத்தனையோ வருசமாச்சு" என்றார். நீங்கள் இரண்டு பேரும் எத்தனை கிறிஸ்துமஸ் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்து, ஒருவருக்கொருவர் தெரியாமல் வாசலைப் பார்த்துக்கொண்டிருந்திருப்பீர்கள்! சிரிப்பாக இருந்தது. ஆஸ்பத்திரிப் பேரைச் சொல்லிவிட்டு வந்தேன்.

எல்லாம் தீர்ந்துவிட்டது என்று நினைக்க வேண்டாம். இந்தத் திங்கட்கிழமையும் ஜெசிக்கு வலித்தது. ஆனால் வலிக்கிறது என்று சொல்லிவிட்டு, மூச்சை இழுத்து விட்டுக்கொண்டு, முனகிக்கொண்டே போனாள். போகும்போது குப்பியை என் மிஷின் மேல் வைத்தாள். "நீங்க வச்சிக்கோங்க. வேணும்னா கேக்கேன்" என்றாள். வருகிற திருவிழாவுக்கு மணப்பாட்டுக்குப் பஸ்ஸில் போகலாமா என்று கேட்கிறாள். அந்த ரயில்வே கேட்டை நினைத்தால் எனக்குத்தான் வயிற்றைக் கலக்குகிறது. போகலாம் என்று சொல்லியிருக்கிறேன்.

சத்தியத்தை மீறினதற்கு உங்களிடம் மன்னிப்புக் கேட்கப் போவதில்லை. ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். அந்த ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்து சேலையை மாற்றும்போது நெற்றிப் பொட்டில் விண்விண்ணென்று ஆரம்பித்தது. கொஞ்ச நேரம் எனக்கு என்னவென்றே புரியவில்லை, பழக்கமில்லாத சாமான் பாருங்கள். அலமாரியில் உங்கள் அக்கா தந்த தைலங்கள் அடுக்கி வைத்தபடி இருந்தன. ஒன்றை எடுத்து முதன்முதலாக மூடியைத் திருகினேன். அழுத்தித் தேய்த்ததில் கண்ணில் இறங்கிவிட்டது. "ஏம்மா அழுறீங்க?" என்றாள் ஜெசி. தைலம் பட்டுவிட்டது என்று சொல்ல வாயெடுத்தேன். பிறகு, அப்பா ஞாபகம் வந்துட்டு என்று சொன்னேன். பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொண்டாள்.

இப்போதும் லேசாக இருக்கிறது. எத்தனையோ வருஷம் வலிக்காத தலையைப் பார்த்து நாலு பேர் முன்னால் கேட்டீர்கள். இன்றைக்கு வீட்டில் யாரும் இல்லை, பிள்ளை பள்ளிக்கூடம் போயிருக்கிறாள். இப்போது கேளுங்கள்.

ஆமா. வலிக்கு.